டிவி மூலையில "கோப்புக் காட்சி"ன்னு போடுறாங்களே, அது என்ன சமாச்சாரம்?

ராத்திரி ரெண்டு மணி வாக்குல இலங்கையோட நெடுந்தீவுப் பக்கம் நம்ம ராமநாதபுரம் கரை மீனவங்க விசைப்படகோட பிடிபட்டுட்டாங்கன்னு வைங்க. நடுக்கடலு, கும்மிருட்டு, எந்த டிவிக்காரரும் அங்க கேமராவோட நிக்கல. ஆனா காலையில ஏழு மணி நியூஸ்ல படகு போகுது, இலங்கை நேவி கப்பல் வருது, ராமேஸ்வரம் ஜெட்டியில பொம்பளைங்க உக்காந்து அழுவுறாங்க, எல்லாமே ஓடுது. எப்போ எடுத்தது இது? போன மாசம் எடுத்ததா இருக்கலாம், மூணு வருஷத்துக்கு முன்னாடி வேற ஒரு கைதப்போ எடுத்ததா இருக்கலாம். இதத்தான் டிவி ஆபீஸ்ல ஃபைல் விஷுவல்ங்கிறாங்க, ஃபைல் ஷாட்ங்கிறாங்க, பேப்பர்ல கோப்புப் படம்னு போடுவாங்க, டாக்குமெண்டரி எடுக்குறவங்க ஆர்கைவ் ஃபுட்டேஜ்னு சொல்வாங்க.

சிம்பிளா சொன்னா, ஒரு காட்சிய எதுக்காக எடுத்தாங்களோ அந்த வேலை முடிஞ்சப்புறமும் தூக்கிப் போடாம வச்சிருந்து, பின்னாடி வேற ஒரு வேலைக்கு எடுத்து ஓட்டுனா அது ஆர்கைவ் ஃபுட்டேஜ். கருப்பு வெள்ளையா இருக்கணும், கீறல் விழுந்து நடுங்கணும்னெல்லாம் ஒண்ணும் கிடையாது. போன வாரம் மண்டபத்துல எடுத்த இறால் ஏலத்த இந்த வாரம் ஏற்றுமதி பத்தின செய்திக்குப் போட்டா அதுவும் இதே கணக்குதான். ஆனா இத நியூஸ் கையாளுற விதம் வேற, டாக்குமெண்டரி கையாளுற விதம் வேற, ரெண்டையும் ஒண்ணாப் போட்டுக் குழப்பிக்கிறதுலதான் புதுசா வர்றவங்களுக்குப் பாதிப் பிரச்சனையே.

முதல்ல நியூஸ். நம்ம கரையில ராமேஸ்வரம், மண்டபம், தொண்டி, கீழக்கரைன்னு ஊருக்கு ஊரு ஸ்ட்ரிங்கர்னு சொல்ற பகுதிநேர நிருபர்கள் இருப்பாங்க. அவுக எடுத்து அனுப்புற வீடியோ, பேட்டி எல்லாம் சென்னை ஆபீஸ் சர்வர்ல போயி உக்காரும். அதுக்கு ஒரு பேரு வைப்பாங்க, ஸ்லக்னு சொல்றது, "ராம்நாட் மீனவர் கைது"ன்னு தேதியோட. அன்னைக்கு நியூஸ் ஓடி முடிஞ்சதும் நல்லா வந்த ஷாட்டையெல்லாம் லைப்ரரிக்குத் தள்ளிருவாங்க. அடுத்த தடவ அதே மாதிரி செய்தி வரும்போது, டெஸ்க்ல இருக்குற பையன் ஒன்றரை நிமிஷ வாய்ஸ் ஓவர மூடுறதுக்குப் படம் வேணுமேன்னு தேடுறப்போ இந்தப் பேருதான் உதவிக்கு வரும். டிவி நியூஸ்ல படம் இல்லாம குரல் மட்டும் ஓட முடியாது பாருங்க, கோர்ட்டுக்குள்ள கேமரா விடமாட்டாங்க, கடலுக்கு நடுவுல போக முடியாது, ரெண்டு நாட்டு அதிகாரிங்க பேச்சுவார்த்தைன்னா கதவ மூடிக்குவாங்க, அப்ப வேற என்னத்தப் போடுறது? அதனால ஃபைல் விஷுவல் போடுறது தப்பு கிடையாது. எப்போ எடுத்தது, எங்க எடுத்ததுன்னு சொல்லாமப் போடுறதுதான் தப்பு.

இதுக்கு நம்மூர்லயே சூப்பரான உதாரணம் ஒண்ணு இருக்கு, பாம்பன் துறைமுகத்துப் புயல் கூண்டு. வங்கக் கடல்ல காத்தழுத்தம்னு சொன்னவுடனே எல்லா சேனல்லயும் "பாம்பன் துறைமுகத்தில் ஒன்றாம் எண் புயல் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றப்பட்டது"ன்னு ஓடும், பின்னாடி ஒரு கூண்டு தொங்கும். அந்தக் கூண்டுல ஒவ்வொரு நம்பருக்கும் ஒவ்வொரு வடிவம், ராத்திரியில செவப்பு வெள்ளை விளக்குல வேற வேற வரிசை. ஒண்ணாம் நம்பர்னு வாசிச்சிட்டு எப்பவோ மூணாம் நம்பர் ஏத்துனப்போ எடுத்த காட்சியப் போட்டா சென்னையில ஒருத்தருக்கும் தெரியாது, ஆனா பாம்பன்ல டீக்கடையில உக்காந்திருக்குற அண்ணனுக்கு ஒரே பார்வையில தெரிஞ்சிரும். தெரிஞ்சப்புறம் அவரு அந்த சேனல் சொல்ற புயல் திசையையும் நம்ப மாட்டாரு. புயல் நேரத்துல அந்த நம்பிக்கை போச்சுன்னா ஆளு படக எடுத்துக்கிட்டுக் கெளம்பிருவாரு, விஷயம் அவ்வளவு தூரம் போகும்.

கச்சத்தீவும் இதே கதைதான். எலெக்‌ஷன் வந்தா 1974 ஒப்பந்தம், 1976 ஒப்பந்தம்னு விவாதம் சூடாகும், ஸ்கிரீன்ல மட்டும் அந்தோணியார் கோயில் திருவிழாவுக்கு சனங்க படகுல போயி எறங்குற காட்சியே திரும்பத் திரும்ப ஓடும். ஏன்னா சாதாரண நாள்ல அங்க போயி கேமரா வைக்க முடியாது, வருஷத்துக்கு ஒரு தடவ திருவிழாவுக்குப் போனாத்தான் உண்டு. இதனால என்ன ஆகுதுன்னா, கச்சத்தீவுன்னாலே கூட்டமும் கொடியுமா எப்பவும் ஜேஜேன்னு இருக்குற எடம்னு பாக்குறவங்க மனசுல பதிஞ்சுபோகுது, நிஜத்துல அது ஆளே குடியிருக்காத தீவு. கைவசம் எந்தப் படம் இருக்கோ அதுதான் ஊரோட முகமா மாறிடுது, இது ஃபைல் விஷுவலோட பெரிய குணம், யாரும் வேணும்னு பண்றது கிடையாது.

வேணும்னு பண்ணாட்டியும் வலிக்கிற எடம் ஒண்ணு இருக்கு. ஒரு கைது நடந்தப்போ கரையில ஒரு அம்மா தலைய விரிச்சுப் போட்டு அழுதாக, அத யாரோ குளோசப்ல எடுத்துட்டாங்க, நல்லா வந்திருக்குன்னு லைப்ரரிக்குப் போயிருச்சு. அதுக்கப்புறம் எவன் பிடிபட்டாலும் அந்த அம்மா மொகம்தான். மகன் வீட்டுக்கு வந்து, கல்யாணம் ஆகி, புள்ள பெத்தாச்சு, டிவியில அம்மா இன்னும் அழுதுக்கிட்டே இருக்காக. சட்டப்படி கேட்டா சேனல் எடுத்த காட்சி, சேனலுக்குச் சொந்தம். ஆனா என்னோட கருத்து, துக்கத்துல இருக்குற ஆளோட மொகம் தெரியிற ஷாட்ட அந்த ஒரு செய்தியோட நிறுத்திக்கணும், லைப்ரரிக்குப் படகு, ஜெட்டி, கடல்னு பொதுவான ஷாட் மட்டும் போனா போதும். இப்படி ஒரு பழக்கம் வச்சிருக்குற எடிட்டர்களும் இருக்காங்க, கம்மிதான்.

சரி, டாக்குமெண்டரிக்கு வருவோம். இங்க பழைய காட்சி ஓட்டைய அடைக்க வர்றது இல்ல, அதுவே கதையச் சொல்ல வருது. தமிழ்ல இத முதன்முதல்ல பெருசா செஞ்சு காட்டுன ஆளு நமக்குப் பக்கத்து ஊர்க்காரரு, ஏ. கே. செட்டியார், காரைக்குடிக்குப் பக்கத்துல கோட்டையூர், அப்போ அதுவும் ராமநாதபுரம் ஜில்லாதான். 1937 அக்டோபர் 2ஆம் தேதி, காந்தி பிறந்தநாள் அன்னைக்கு, நியூயார்க்ல இருந்து டப்ளினுக்குக் கப்பல்ல போயிக்கிட்டு இருக்கும்போது அவருக்குக் காந்திய பத்தி ஒரு முழுநீள டாக்குமெண்டரி எடுக்கணும்னு தோணியிருக்கு. புதுசா ஷூட் பண்ணி மட்டும் அந்தப் படத்த எடுக்க முடியாது பாருங்க, தண்டி யாத்திரை முடிஞ்சுபோச்சு, வட்டமேசை மாநாடு முடிஞ்சுபோச்சு, திருப்பி நடத்தச் சொல்ல முடியுமா? அதனால உலகத்துல எவனெவன் காந்திய படம் புடிச்சு வச்சிருக்கானோ அவன்கிட்டல்லாம் போயி கேட்டாரு. ஒரு லட்சம் மைலுக்கு மேல அலைஞ்சு, முப்பது வருஷத்துல நூறு பேர் வரைக்கும் கேமராக்காரங்க தனித்தனியா எடுத்து வச்சிருந்தத 50,000 அடி ஃபிலிமாச் சேத்து, அதுல இருந்து 12,000 அடிப் படத்த எடிட் பண்ணி 1940 ஆகஸ்ட்ல ரிலீஸ் பண்ணாரு. அப்போ அவருக்கு வயசு முப்பதக்கூடத் தொடல. போன்ல தேடுனா கிளிப் கெடைக்கிற இந்தக் காலத்துல அந்த அலைச்சலோட கனம் நமக்குப் புரியுறது கஷ்டம்.

அந்த 50,000, 12,000 கணக்க இன்னொரு தடவ பாருங்க. நாலுல ஒரு பங்கு கூட படத்துல வரல. ஆர்கைவ் டாக்குமெண்டரின்னா தேடிச் சேக்குறது ஒரு வேலை, தேடுனதுல எத விடுறதுன்னு முடிவெடுக்குறது அதவிடப் பெரிய வேலை. ஒரே காந்தி தான், பிரிட்டிஷ் நியூஸ்ரீல்காரன் (தியேட்டர்ல ஓட்டுற செய்திப் படம் எடுக்குறவன்) எடுத்ததுல ஒரு தினுசா இருப்பாரு, நம்மாளு எடுத்ததுல வேற தினுசா இருப்பாரு, கேமரா எங்க வைக்கிறோம்ங்கிறதே ஒரு கருத்துதான். அதனாலதான் பழைய காட்சி கையில கெடைச்சா எப்போ, எங்கேன்னு கேக்குறதோட நிறுத்தாம யாரு எடுத்தா, யாருக்காக எடுத்தான்னும் கேக்கணும். அரசாங்கம் எடுத்த நியூஸ்ரீல்ல வெள்ள நிவாரணம் எப்பவும் ஒழுங்கா வரிசையாதான் நடக்கும்.

டாக்குமெண்டரியில பழைய காட்சி செய்யிற இன்னொரு வேலை சாட்சி சொல்றது. மன்னார் வளைகுடா தேசியப் பூங்கான்னு 1986ல அறிவிச்சப்போ 21 தீவுன்னு கணக்கு. அதுல பூவரசன்பட்டி, விலாங்குசல்லி ரெண்டும் இப்ப தண்ணிக்குள்ள போயிருச்சு. பவளப்பாறைய வெட்டி எடுத்தது முக்கியக் காரணம்னு சொல்றாங்க. இத ஒரு விஞ்ஞானி உக்காந்து பேட்டியில சொல்றது ஒரு விதம், அதே எடத்துல முன்னாடி எடுத்த காட்சியையும் இன்னைக்கு எடுத்ததையும் அடுத்தடுத்து வச்சுட்டு வாயே தொறக்காம விடுறது இன்னொரு விதம். ரெண்டாவது முறைக்கு ஒரு நிபந்தனை இருக்கு, கேமரா நின்ன எடம் கிட்டத்தட்ட ஒண்ணா இருக்கணும், கடல் வத்துற நேரமா ஏறுற நேரமான்னு பாக்கணும், இல்லேன்னா வத்தக் கடலையும் பெருக்குக் கடலையும் பக்கத்துல வச்சு தீவு முழுகிருச்சுன்னு சொன்ன கதை ஆயிரும்.

காட்சியே இல்லாத விஷயத்துக்கு என்ன பண்றது? தனுஷ்கோடிதான் சரியான உதாரணம். 1964 டிசம்பர் 22ஆம் தேதி ராத்திரி, விடிஞ்சா 23. பாம்பன்ல இருந்து தனுஷ்கோடிக்குப் போன பாசஞ்சர் ரயில அலை தூக்கிட்டுப் போயிருச்சு, ஸ்டேஷன், சர்ச், கஸ்டம்ஸ் ஆபீஸ், இலங்கைக்குப் போற கப்பல்துறை எல்லாம் போச்சு. நடுராத்திரி, கரண்ட் கிடையாது, தந்திக் கம்பி அறுந்து கெடக்கு, மழை. 1964ல இருந்த ஃபிலிம் கேமராவுல அந்த இருட்டுல எதுவும் பதிவாக வாய்ப்பே இல்ல. ஆனா தேடிப் பாருங்க, "தனுஷ்கோடி புயல் ஒரிஜினல் வீடியோ"ன்னு அலை வந்து ரயில அடிக்கிற மாதிரி ஏதோ ஒண்ணு வரும், ஏதாவது படத்துல இருந்து வெட்டுனதா இருக்கும், இப்பல்லாம் ஏஐல பண்ணி கருப்பு வெள்ளையாக்கி கீறலும் போட்டு விட்டுடுறாங்க. சுனாமிக்கும் இதே கூத்து நடந்துச்சு, சீனாவுல சியாந்தாங் ஆத்துல வருஷா வருஷம் வர்ற பெரிய ஓத அலையோட படங்கள 2004 டிசம்பர் சுனாமின்னு உலகம் பூரா அனுப்புனாங்க. நம்ம பாக் ஜலசந்திப் பக்கம் இலங்கை மறைவுல இருந்ததால நாகப்பட்டினம் அளவுக்கு அடி விழல, அதனால "ராமேஸ்வரம் சுனாமி"ன்னு கட்டிடத்த விட ஒசரமா அலை வர்ற கிளிப் வந்தா முதல்ல சந்தேகப்படுங்க.

நேர்மையா எடுக்குறவங்க இந்த மாதிரி எடத்துல வேற வழி வச்சிருக்காங்க. புயலுக்கு முந்தின போட்டோ, ரயில்வே வரைபடம், அன்னைக்கு வந்த பேப்பர், பொழச்சு வந்த பெரியவரோட குரல், இன்னைக்கு நிக்கிற சர்ச் சுவரு. அப்படியும் பத்தாம நடிச்சு எடுத்தாங்கன்னா "சித்தரிப்பு"ன்னு ஸ்கிரீன்லயே எழுதிப் போட்டுருவாங்க. ஒரு பெரியவர் அந்த ராத்திரிய பத்திப் பேசும்போது மேல சும்மா ஏதோ ஒரு புயல் கடல் ஷாட்ட ஓட்டுறது இருக்கு பாருங்க, ரொம்பப் பேரு பண்றாங்க, எனக்குப் பிடிக்காது. அவரு மொகத்தையே காட்டிக்கிட்டு இருக்கலாம், அதுக்கு மேல என்ன விஷுவல் வேணும்?

இப்ப சுவாரசியமான பகுதி. தேதி எழுதாத ஒரு பழைய கேசட் கெடைக்குது, பாம்பன் பாலம் தெரியுது. எந்த வருஷம்னு எப்படிக் கண்டுபிடிக்கிறது? ரயில் பாலம் 1914ல தெறந்தது, பக்கத்துல ரோடு பாலம் வந்தது 1988 அக்டோபர்ல. அதனால ரயில் பாலம் மட்டும் தனியா நின்னா 88க்கு முந்தி, இல்ல ரோடு பாலம் பாதி கட்டி நிக்குதுன்னா அதுக்குக் கொஞ்சம் முன்னாடி. தண்டவாளம் குறுகலா மீட்டர் கேஜ் வண்டி போச்சுன்னா 2007க்கு முந்தி, ஏன்னா அந்த வருஷம்தான் அகலப்பாதை ஆச்சு. நடுவுல ரெண்டு பக்கமும் கை விரிச்ச மாதிரி மேல தூக்குற தூக்குப்பாலத்து மேல ரயில் போனா 2022 டிசம்பருக்கு முந்தி, அதோட பழைய பாலத்துல ரயில நிறுத்திட்டாங்க. நடுப் பகுதி அப்படியே செங்குத்தா லிஃப்ட் மாதிரி மேல போற புதுப் பாலத்துல பயணிகள் ரயில் ஓடுதுன்னா 2025 ஏப்ரல்லயோ அதுக்கு அப்புறமோ. ஒரே ஒரு பாலத்த வச்சு நூறு வருஷத்த இப்படிக் கூறு போட்டுறலாம், வேற எந்த ஊருக்கும் இந்த வசதி கெடைக்காது.

அரிச்சல்முனை வரைக்கும் தார் ரோடு தெரிஞ்சா 2017 வாக்குலயோ அதுக்கு அப்புறமோ, அதுக்கு முன்னாடியெல்லாம் மணல்ல வேன்ல குலுங்கிக் குலுங்கிதான் போகணும். ராமேஸ்வரத்து வானத்துல 323 மீட்டர் டிவி டவர் நின்னா தொண்ணூறுகள்ல கட்டுனதுக்கு அப்புறம்.

ஆனா கட்டிடத்த விட கடல் நல்லாப் பேசும், அதப் படிக்க நம்ம மீனவங்கதான் வேணும். ராமேஸ்வரம் தீவுக்குத் தெக்குப் பக்கம் மன்னார் வளைகுடா, ஆண் கடல்ங்கிறாங்க, வடக்குப் பக்கம் பாக் ஜலசந்தி, பெண் கடல். வாடைக் காத்து அடிக்கிற ஐப்பசி, கார்த்திகை, மார்கழியில வடக்குக் கடல் கொந்தளிக்கும், கச்சான் காத்து அடிக்கிற ஆனி, ஆடியில தெக்குக் கடல் சீறும். "ஜூலை மாசம் எடுத்தது"ன்னு எழுதியிருக்கிற காட்சியில பாக் ஜலசந்தி வெறி புடிச்சு நின்னா ஏதோ இடிக்குதுன்னு அர்த்தம். அதே மாதிரி ஏப்ரல் 15ல இருந்து ஜூன் 14 வரைக்கும் மீன்பிடித் தடைக்காலம், 61 நாள். தடை வந்ததுக்கு அப்புறம் ஏதோ ஒரு மே மாசம்னு சொல்ற வீடியோவுல விசைப்படகு வரிசையா கடலுக்குப் போச்சுன்னா தேதி பொய். நாட்டுப்படகு போனா தப்பில்ல, அதுக்குத் தடை கிடையாது. இந்த 61 நாளும் 2017ல இருந்துதான், அதுக்கு முன்னாடி 45 நாள், அதனால 2015 ஜூன் மொத வாரக் காட்சியில விசைப்படகு ஓடுனா சரிதான். சென்னையிலயோ டெல்லியிலயோ உக்காந்து செக் பண்றவங்களுக்கு இதெல்லாம் தெரிய வாய்ப்பில்ல, அதனால நம்ம ஏரியா காட்சிய வச்சு டாக்குமெண்டரி பண்றவங்க ஒரு வயசான மீனவர உக்கார வச்சு முழு ஃபுட்டேஜையும் போட்டுக் காட்டுறது எந்த சாஃப்ட்வேர விடவும் நல்ல முறை. "இது ஓலைக்குடா, தம்பி, தங்கச்சிமடம் இல்ல"ன்னு அவுகளே சொல்லிருவாக.

இந்தக் காட்சியெல்லாம் எங்க இருக்கு? டிவி வர்றதுக்கு முந்தின காலத்துக்கு மத்திய அரசோட செய்திப்பட நிறுவனமான ஃபிலிம்ஸ் டிவிஷன்தான், 1948ல ஆரம்பிச்சது. தியேட்டர்ல படம் போடுறதுக்கு முன்னாடி நியூஸ்ரீல் கட்டாயம் போடணும்னு வச்சிருந்தாங்க, பெரியவங்களுக்கு ஞாபகம் இருக்கும். 2022ல அத என்எஃப்டிசின்னு சொல்ற தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோட சேத்துட்டாங்க. புனேயில இருக்கிற தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1964ல வந்தது, அதுவும் இப்ப அதே குடைக்குள்ளதான். சென்னைத் தூர்தர்ஷன் 1975ல தொடங்குச்சு, எழுபது எண்பதுகள்ல நம்ம கரையில நடந்தது எதுவும் வேணும்னா அங்கதான் தட்டணும். வெளிநாட்டுல பழைய நியூஸ்ரீல் கம்பெனியான பிரிட்டிஷ் பாத்தே, செய்தி நிறுவனங்களான ஏபி, ராய்ட்டர்ஸ் மாதிரி எடங்கள். இதுல பிரிட்டிஷ் பாத்தே 2014ல 85,000 ஃபிலிம யூடியூப்ல ஏத்திவிட்டாங்க, சும்மா பாக்கலாம், ஆனா எடுத்துப் பயன்படுத்தணும்னா காசு கட்டணும்.

பெரிய காப்பகத்துல தேடுறவங்க ஒரு எடத்த மறந்துடுறாங்க, அது கல்யாண வீடியோகிராபர் வீட்டுப் பரண். ஏர்வாடி சந்தனக்கூடு, ஓரியூர் திருவிழா, தேவிபட்டினம் நவபாஷாணத்துல கூட்டம், 2015 ஜூலையில கலாம் அய்யாவ பேய்க்கரும்புல அடக்கம் பண்ணப்போ வந்த சனம், இதெல்லாம் சேனல்காரங்கள விட உள்ளூர் ஸ்டுடியோக்காரங்ககிட்ட நீளமா, வெட்டாம இருக்கும். சுனாமிய உலகம் பாத்ததே பெரும்பாலும் சாதாரண ஆளுங்க கையில இருந்த ஹேண்டிகேம் வழியாத்தான்.

ஆனா அந்தப் பரண்ல இருக்கிறது சீக்கிரமா செத்துக்கிட்டு இருக்கு. விஹெச்எஸ், மினிடிவி (MiniDV கேசட்), யூமேட்டிக், பீட்டாகேம் எல்லாமே காந்த நாடா. நல்லா வச்சிருந்தாலே முப்பது வருஷம் தாண்டுனா நம்ப முடியாது, உப்புக்காத்தும் ஈரமும் இருக்கிற நம்ம ஊர்ல பூஞ்சை புடிச்சு வெள்ளையா படிஞ்சிருக்கும், அத அப்படியே பிளேயர்ல போட்டா நாடாவும் போகும், நாடாவப் படிக்கிற ஹெட்டும் போகும். பழைய ஃபிலிம் சுருளத் தொறந்தா வினிகர் வாடை அடிச்சா அது கெட ஆரம்பிச்சாச்சுன்னு அர்த்தம். நாடா நல்லா இருந்தாலும் ஓட்டுறதுக்கு மெஷின் வேணும், யூமேட்டிக் பிளேயர் வேலை செய்யிற கண்டிஷன்ல கெடைக்கிறது குதிரைக்கொம்பு. எல்லாத்துக்கும் மேல, கேசட் வெல ஜாஸ்தியா இருந்த காலத்துல பழசு மேலயே புதுசப் பதிஞ்சு அழிச்சது நெறைய. நம்மூரு சின்ன ஸ்டுடியோவ மட்டும் குத்தம் சொல்லாதீங்க, நாசாவே அப்போலோ 11 நிலவுல எறங்குனப்போ நேரா வந்த ஒரிஜினல் சிக்னல் டேப்ப அழிச்சு திருப்பிப் பயன்படுத்திட்டாங்க, இப்ப நாம பாக்குறதெல்லாம் டிவி சேனல்கள்ல தங்குன காப்பிய வச்சு சரி பண்ணதுதான்.

டிஜிட்டல் ஆக்கும்போது ஒரு சின்ன விஷயம். பழைய டிவி காட்சி 4:3, கிட்டத்தட்ட சதுரம், இன்னைக்கு ஸ்கிரீன் 16:9, நீட்டம். அத ரப்பர் மாதிரி இழுத்து நிரப்புனா கலாம் அய்யாவே குண்டாத் தெரிவாரு, ரெண்டு பக்கமும் கருப்பா விட்டுட்டுப் போறதுதான் மரியாதை. மேலயும் கீழயும் வெட்டுனாலும் ஏதோ ஒரு தகவல் போயிரும், பாலமோ டவரோ அந்த வெட்டுன துண்டுலதான் இருக்கும். ஊமைப்பட காலத்து ஃபிலிம்ல ஆளுங்க குடுகுடுன்னு நடக்குறதும் இந்த மாதிரி மாத்துறதுல வர்ற கோளாறுதான், வினாடிக்கு 16, 18 ஃபிரேம்ல எடுத்தத 24ல ஓட்டுனா அப்படித்தான் ஓடும். கலர் ஏத்துறது, ஏஐல தெளிவாக்குறது எல்லாம் பாக்க நல்லா இருக்கும், ஆனா மெஷின் தன் இஷ்டத்துக்கு முகத்துக்கு மூக்கு வச்சிரும், சேலைக்குக் கலர் வச்சிரும், அதுக்கப்புறம் அது சாட்சி இல்ல. பண்ணுனா பண்ணுங்க, பண்ணியிருக்கோம்னு போட்டுருங்க, ஒரிஜினலையும் தனியா வைங்க.

காப்பிரைட் பத்தி எல்லாரும் கேக்குறது. இந்தியச் சட்டம் 1957, அதுப்படி ஒரு படக்காட்சி வெளியான வருஷத்துக்கு அடுத்த ஜனவரியில இருந்து 60 வருஷம் உரிமை இருக்கும். அதனால 1964ல தியேட்டர்ல வந்த நியூஸ்ரீல்னா 2024 கடைசியோட முடிஞ்சுது, 1990ல வந்ததுன்னா 2050 வரைக்கும் உண்டு. உரிமை முடிஞ்சாலும் நல்ல பிரிண்ட் வச்சிருக்கிறவன் காப்பி எடுத்துத் தர்றதுக்குக் காசு கேப்பான், அது வேற கணக்கு. நடப்புச் செய்தி சொல்றதுக்கு, விமர்சனம் பண்றதுக்கு நியாயமான அளவு எடுத்துக்கலாம்னு 52வது பிரிவு சொல்லுது, அதுக்காக அடுத்தவன் எடுத்த முழு அஞ்சு நிமிஷத்த உங்க சேனல்ல மியூசிக் போட்டு ஓட்டலாம்னு அர்த்தமில்ல. இன்னொண்ணு, கேசட் உங்க கையில இருக்கிறதால உரிமை உங்களுதுன்னு ஆகாது, பரண்ல கெடைச்ச கேசட்ட எடுத்தவரு யாரு, காசு குடுத்து எடுக்கச் சொன்னவரு யாருன்னு பாக்கணும். பெரிய காப்பகத்துல வாங்கும்போது இத்தன வினாடி, இந்த நாடு, டிவிக்கா ஆன்லைனுக்கா, எத்தன வருஷத்துக்குன்னு பிரிச்சுப் பிரிச்சு வெல சொல்வாங்க. எடிட் பண்றப்போ வாட்டர்மார்க் போட்ட சாம்பிள வச்சுக்கிட்டு, கடைசியா எது படத்துல நிக்குதோ அதுக்கு மட்டும் காசு கட்டுறதுதான் வழக்கம்.

கடைசியா, நீங்க எடுக்குறது நாளைக்கு யாருக்காவது ஆர்கைவ் ஆகும், அதனால ரெண்டு மூணு பழக்கம். வாட்ஸ்அப்ல வந்த காப்பிய ஒரிஜினல்னு வச்சுக்காதீங்க, அது சுருக்கிரும், எந்தத் தேதி, எந்த போன்னு உள்ள இருக்கிற தகவலும் போயிரும். ரெண்டு ஹார்ட் டிஸ்க்ல வைங்க, ரெண்டும் ஒரே வீட்டுல வேணாம், புயல் வந்தா ரெண்டும் சேந்து போயிரும். வாய்ஸ் ஓவர், மியூசிக் எல்லாம் மிக்ஸ் பண்ணி முடிச்ச ஃபைல மட்டும் வைக்காம எடுத்த எடத்துச் சத்தத்தோட, எடிட் பண்ணாம அப்படியே இருக்கிற ரஷ்ஷையும் வைங்க, இப்ப சேனல் லைப்ரரியில நெறைய ஷாட்ல படகு இஞ்சின் சத்தமும் இல்ல, ஏலம் கூவுற குரலும் இல்ல, வாசிச்சவரு குரல்தான் மேல ஒட்டிக்கிட்டு நிக்குது, அத வச்சு ஒண்ணும் பண்ண முடியல. அப்புறம் கேமராவ ஆன் பண்ணதும் மொத பத்து வினாடி லென்ஸ் முன்னாடி கையக் காட்டிக்கிட்டு வாயால சொல்லிருங்க: இன்ன தேதி, இன்ன ஊரு, இத்தன மணி, எடுக்குறது இன்னார், காத்து இன்ன பக்கம். எடிட்ல வெட்டிப்போட்டுக்கலாம், ரஷ்ல இருக்கட்டும்.